இடப்பக்கம் மூன்றாவது கொள்ளைக்காரர்

என் கணவர் கொஞ்ச காலம் டி.வி. நடிகராக இருந்தவர். இதைச் சொன்னால் முதலில் யாரும் நம்புவதில்லை. நம்புகிறவர்கள், "என்ன வேஷம்?" என்று கேட்பார்கள். குதிரையில் வருகிற கொள்ளைக்காரன் என்பேன். கொள்ளைக்கூட்டத் தலைவனா என்பார்கள். இல்லை. அவனுக்குப் பக்கத்தில் நிற்கிறவனா? அவனுமில்லை. தலைவனுக்குப் பின்னால், இடப்பக்கம் மூன்றாவதாக, குதிரையைப் பிடித்துக்கொண்டு ஒருவர் இருப்பார், அவர்தான் என்பேன். அதற்குள் கேட்டவர்கள் வேறு பேச்சுக்குப் போயிருப்பார்கள்.

நாங்கள் அருப்புக்கோட்டைப் பக்கத்திலிருந்து ஓசூருக்குப் பிழைக்க வந்தவர்கள். அவருக்கு சிப்காட்டில் வண்டிகளுக்கு உதிரி பாகம் செய்கிற ஒரு கம்பெனியில் இன்ஸ்பெக்‌ஷன் வேலை. லைனில் வருகிற பாகங்களை அளந்து பார்த்துச் சரியில்லாததைச் சிவப்புப் பெட்டியில் போடுவார். எனக்கு வேறொரு கம்பெனியில், பெண்கள் வரிசையாக உட்கார்ந்து ஒயர் கட்டுகிற வேலை. ஒரு மாடி வீட்டில் வாடகைக்கு இருந்தோம். கீழே ஹவுஸ் ஓனர் அம்மா. கன்னடம் பேசுகிறவர், தலைமுறை தலைமுறையாக ஓசூர்க்காரர். இரண்டாயிரத்துக்கு அப்புறம் வந்த முதல் சில வருஷங்கள் அவை. வீட்டுக்கு வீடு கேபிள் வந்திருந்தது. ஓசூரில் தமிழ், கன்னடம், தெலுங்கு மூன்றும் ஒரே கம்பியில் வரும்.

பெங்களூர்க்காரர் ஒருவர் ஒரு சீரியல் எடுக்க வந்தார். சின்ன வயதில் யாரோ உறவினர் வெளிநாட்டிலிருந்து கொண்டுவந்த கேசட்டுகளில் கவ்பாய் சீரியல்களாகப் பார்த்து வளர்ந்தவராம். தொப்பி, துப்பாக்கி, குதிரை, புழுதி. அதையெல்லாம் கன்னடத்தில் எடுத்தே தீருவேன் என்று கிளம்பிவிட்டார். பெங்களூர்ப் பக்கத்துப் பாறைகளுக்கு வாடகை ஏறிவிட்டதால் ஓசூரை அடுத்த பேரிகைப் பக்கத்துப் பாறைகளுக்கு வந்து சேர்ந்தார். எங்கள் பாறைகள் சும்மா கிடந்தன.

பஸ் ஸ்டாண்டு பக்கத்து ஓட்டலில் என் கணவர் புரோட்டா சாப்பிட்டுக்கொண்டிருந்தபோதுதான் டைரக்டர் அவரைப் பார்த்தார். சரியாகச் சொன்னால், அவர் மீசையைப் பார்த்தார். அது கல்யாணத்தின்போதே எனக்குப் பிடிக்காத மீசை. ஐயனார் கோயில் வாசலில் நிற்கிற சிலையிலிருந்து கழற்றி ஒட்டியது போல இருக்கும்.

"குதிரை ஓட்ட வருமா உங்களுக்கு?" என்று கேட்டாராம் டைரக்டர்.

"சின்னப்பிள்ளையில இருந்து ஓட்டுறேன் சார்" என்றாராம் இவர்.

இவர் குதிரையைத் தொட்டதே இல்லை. ராட்டினத்தில் சுற்றுகிற மரக்குதிரையில் உட்கார்ந்து வாந்தி எடுத்ததாக என் மாமியாரே சொல்லியிருக்கிறார். அன்று வீட்டுக்கு வந்து, "எனக்குள்ள ஒரு நடிகன் இருக்கான்னு ஒனக்குத் தெரியாமப் போச்சு" என்று என்மேல் குறைபட்டுக்கொண்டார்.

"அவனக் கொஞ்சம் வெளிய வந்து கேஸ் சிலிண்டரை மாத்தச் சொல்லுங்க" என்றேன்.

நான் ஒரு வார லீவு நாளில் படப்பிடிப்பைப் பார்க்கப் போனேன். ஆள் தேர்வுக்கு டைரக்டர் பெரிதாக மண்டையை உடைத்துக்கொள்ளவில்லை. கறுப்பாக இருந்தவர்கள் எல்லாரும் கொள்ளைக்காரர்கள். சிவப்பாக இருந்தவர்கள் கொள்ளையடிக்கப்பட்ட மக்கள். நடுத்தரமாக இருந்த இரண்டு பேர் எந்தப் பக்கம் நிற்பது என்று தெரியாமல் வெயிலில் நின்றார்கள். பிறகு ஒருவருக்குப் பவுடர் போட்டார்கள், இன்னொருவருக்குக் கரி பூசினார்கள். கொள்ளைக்காரர்களின் தொப்பிகளை ஆட்டோ சீட்டுக்கு உறை தைக்கிறவர் ரெக்சினில் தைத்திருந்தார். அதைப் போட்டுக்கொண்டு ஒரு மணி நேரம் நின்றால் கொள்ளையடிக்கிற ஆசையே போய்விடும். தலையிலிருந்து வேர்வை கோடு கோடாக இறங்கியது. டைரக்டர் அதைப் பார்த்து, "சூப்பர், சூப்பர்! இந்த ரஃப் லுக்தான் நமக்கு பேக்கு" என்று கை தட்டினார். பேக்கு என்றால் கன்னடத்தில் வேண்டும் என்று அர்த்தம். என் கணவர் தன்னைத்தான் திட்டுகிறார் என்று நினைத்து முறைத்தார். அந்த முறைப்பையும் எடுத்துக்கொண்டார்கள்.

குதிரைகள் பேரிகைக்காரர் ஒருவருடையவை. கல்யாண ஊர்வலத்துக்கும் கோயில் ஜாத்திரைக்கும் வாடகைக்கு விடுகிற குதிரைகள். அவற்றின் நெற்றியில் கட்டியிருந்த குஞ்சத்தை டைரக்டர் அவிழ்க்கச் சொன்னார். குதிரைக்காரருக்கு மனசே இல்லை. "சார், அது இல்லேன்னா அதுக்கு வெக்கமா இருக்கும்" என்றார்.

என் கணவருக்கு ஒரே ஒரு வசனம். தலைவன் ஏதாவது ஆணையிட்டால், "ஆயித்து, தணி" என்று சொல்ல வேண்டும். ஆகட்டும் முதலாளி என்று அர்த்தம். இந்த இரண்டு வார்த்தையை அவர் வீட்டில் மாதக்கணக்கில் ஒத்திகை பார்த்தார். பல் விளக்கும்போது ஆயித்து தணி. செருப்பு மாட்டும்போது ஆயித்து தணி. கோபமாக ஒரு ஆயித்து, சோகமாக ஒரு தணி. எனக்கே கனவில் வந்தது. ஒருநாள் என் லைன் சூப்பர்வைசர் ஏதோ சொன்னதற்கு நான் வாய் தவறி "ஆயித்து தணி" என்று சொல்லிவிட்டேன். அவர் தேனிக்காரர். திட்டுகிறேன் என்று நினைத்துக்கொண்டார்.

சீரியல் முதலில் கன்னட சேனலில் வந்தது. ஒரு மாதம் கழித்து அதே பகுதி தமிழ் பேசிக்கொண்டு தமிழ் சேனலில் வரும். முதல் ஒளிபரப்பன்று எங்கள் வீட்டில் அக்கம்பக்கத்தார் எல்லாரும் உட்கார்ந்திருந்தார்கள். என் கணவர் நடுவில் இஸ்திரி போட்ட சட்டையோடு உட்கார்ந்திருந்தார். கொள்ளைக்கூட்டம் வந்தது. புழுதி வந்தது. அவர் வரவேண்டிய இடத்தில் முன்குதிரையின் வால் வந்தது.

"இந்த வாலுக்குப் பின்னாடி நான்தான்" என்றார்.

எல்லாரும் வாலை மரியாதையாகப் பார்த்தார்கள்.

அடுத்த வாரம் முகம் தெரிந்தது. வாய் அசைந்தது. "ஆயித்து, தணி" என்று கேட்டது, ஆனால் அது இவர் குரல் இல்லை. இவருடைய கன்னடத்தில் அருப்புக்கோட்டை வாடை அடிக்கிறது என்று வேறு ஆளைப் பேசவிட்டிருந்தார்கள். சரி, தமிழிலாவது என்று காத்திருந்தோம். தமிழில் மட்டும் விட்டுவைப்பார்களா? சென்னையில் யாரோ ஒருவர் கிணற்றுக்குள் இருந்து பேசுகிற மாதிரி கனமான குரலில், "ஆகட்டும் எஜமான்" என்றார். தமிழனான என் கணவருக்குத் தமிழில் பேச இன்னொரு தமிழன் தேவைப்பட்டிருக்கிறான்.

இதற்கு இவர் வருத்தப்படுவார் என்று நினைத்தேன். மாறாக அந்தக் குரலை எடுத்துக்கொண்டார். அன்றிலிருந்து வீட்டில் அதே கனத்த குரல். "தண்ணீர் கொண்டு வா" என்பார், நாடக மன்னர் மாதிரி.

"சென்னையில அந்த டப்பிங் ஆளுகிட்ட கேளுங்க, கொண்டாருவாரு" என்றேன்.

இன்னொரு கூத்தும் இருந்தது. கன்னடத்தில் அந்தக் கொள்ளைக்கூட்டம் எல்லை தாண்டித் தமிழ்நாட்டுப் பக்கத்திலிருந்து வந்து அப்பாவி ஜனங்களைக் கொள்ளையடிக்கும். தமிழில் டப் செய்தபோது வசனத்தை மாற்றிவிட்டார்கள். அதே கூட்டம், அதே குதிரை, கர்நாடகப் பக்கத்திலிருந்து வந்து அதே ஜனங்களைக் கொள்ளையடித்தது. அதனால் என் கணவர் கன்னடம் பார்க்கிறவர்களுக்குத் தமிழ்த் திருடன், தமிழ் பார்க்கிறவர்களுக்குக் கன்னடத் திருடன். இரண்டையும் பார்க்கிற ஓசூர்க்காரர்களுக்கு மட்டும்தான் அவர் ஒயர் கட்டுகிறவளின் புருஷன். தண்ணீர்த் தகராறில் ஒரு வாரம் எல்லையில், அத்திப்பள்ளியில், பஸ்ஸையெல்லாம் நிறுத்திவிட்டார்கள். அந்த வாரமும் இந்தக் குதிரைகள் மட்டும் இரண்டு சேனலிலும் எல்லையைத் தாண்டிப் போய்க்கொண்டும் வந்துகொண்டும் இருந்தன.

விவகாரம் அதற்கப்புறம்தான் வந்தது. முதலில் வார லீவில்தான் படப்பிடிப்புக்குப் போனார். பிறகு ஷிப்ட் மாற்றிக்கொண்டு போனார். அப்புறம் லீவெல்லாம் தீர்ந்துபோனதும், காய்ச்சல் என்று கம்பெனிக்குச் சொல்லிவிட்டுப் போக ஆரம்பித்தார்.

"கம்பெனிக்குத் தெரிஞ்சா?" என்று கேட்டேன்.

"எப்பிடித் தெரியும்?"

"டி.வி.யில வாரீங்க. ஊரு பூரா பாக்குது."

"எந்தத் தேதியில எடுத்ததுன்னு அதுல எழுதியா போடுறாங்க?" என்றார். கலைஞர்களுக்கு இதெல்லாம் நன்றாகத் தெரியும்.

அப்படி ஒரு காய்ச்சல் நாளில், பொழுது சாய்கிற நேரத்தில், சீரியல் வேன் எங்கள் தெரு முனையில் வந்து நின்றது. இரண்டு பேர் பிடித்துக்கொள்ள இவர் இறங்கினார். ஒரு கை துண்டில் தொங்கியது. காறை எலும்பு முறிந்திருந்தது. மூக்கு நுனியிலிருந்து மீசை வரை சிராய்ப்பு. கூடவே பேரிகைக் குதிரைக்காரரும் வந்திருந்தார். இவரைவிட அவர் முகம்தான் வாடியிருந்தது.

"அம்மா, குதிரை மேல தப்பு லேதும்மா" என்று ஆரம்பித்தார் அவர். தெலுங்கும் தமிழும் கலந்து சொன்னதிலிருந்து நான் புரிந்துகொண்டது இது. ஹீரோ துரத்துகிறார், கொள்ளைக்காரர்கள் தப்பி ஓடுகிறார்கள். துப்பாக்கிச் சத்தத்துக்காகப் பாறைக்குப் பின்னால் பட்டாசு வெடித்திருக்கிறார்கள். மற்ற குதிரைகள் மிரண்டு ஓடின. என் கணவர் உட்கார்ந்திருந்தது மாப்பிள்ளை ஊர்வலத்துக்குப் பழகிய குதிரை. பட்டாசுச் சத்தம் கேட்டதும் அது, மண்டபம் வந்துவிட்டது என்று நினைத்து நின்றிருக்கிறது. நின்றதோடு விடவில்லை. முன்னங்கால் இரண்டையும் தூக்கி ஆடத் தொடங்கிவிட்டது. இவர் அதன் முதுகு வழியாகச் சறுக்கி, வால் வழியாக இறங்கி, ஒரு பாறையில் பட்டு, இன்னொரு பாறைக்குப் போயிருக்கிறார்.

"மாப்பிள்ளைங்க எத்தன பேரு ஒக்காந்திருக்காங்க, ஒருத்தரும் விழலம்மா" என்று குதிரைக்காரர் வருத்தத்தோடு முடித்தார். நான் அவருக்குக் காப்பி போட்டுக் கொடுத்தேன். அந்த வீட்டில் அன்று ஆறுதல் தேவைப்பட்டது அவருக்குத்தான்.

கம்பெனிக்கு என்ன சொல்வது? காய்ச்சலில் படுத்திருக்கிற மனிதன் எப்படி எலும்பை முறித்துக்கொள்வான்? யோசித்து யோசித்து இவரே ஒரு கதை செய்தார். காய்ச்சல் வேகத்தில் தலை சுற்றி பாத்ரூமில் வழுக்கி விழுந்துவிட்டேன். டைரக்டரின் கதையைவிட இது நன்றாகவே இருந்தது. கெட்டது என்னவென்றால், இதில் எனக்கும் ஒரு வேஷம் இருந்தது. வருகிறவர்களிடம் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "தொபீர்னு சத்தம் கேட்டுச்சு, ஓடிப்போய்ப் பாத்தா..." என்று நான் சொல்ல வேண்டும். என் வசனம் அவர் வசனத்தைவிட நீளம்.

இதை முதலில் நம்பியவர் ஹவுஸ் ஓனர் அம்மா. அவருடைய பாத்ரூமில் அல்லவா விழுந்திருக்கிறார்! மனுஷி துடித்துப்போய்விட்டார். பிளீச்சிங் பவுடர் போட்டுத் தானே மண்டியிட்டுத் தேய்த்தார். அதோடு நிறுத்தாமல் கொத்தனாரை வரவழைத்து வழவழப்பான தரையைக் கொத்திச் சொரசொரப்பாக சிமென்ட் பூசவைத்தார். தினமும் ராகிக் களியும் கீரைக் குழம்பும் மாடிக்கு வந்தது. "நம்ம மனையிலே இப்படி ஆயிபிட்டதே, நான் என்ன பாவம் பண்ணினேனோ" என்று என் கணவரின் கட்டிலருகே நின்று கண் கலங்குவார். இவர் அந்தக் கனத்த குரலில், "விதி அம்மா" என்பார். எனக்கு அடுப்படிக்குள் ஓடிவிடத் தோன்றும்.

கம்பெனியிலிருந்து வெல்ஃபேர் ஆபீசர் ஆப்பிளும் ஹார்லிக்ஸும் வாங்கிக்கொண்டு பார்க்க வந்தார். நல்ல மனிதர், கொஞ்சம் அதிகமாகவே நல்லவர். எங்கே விழுந்தார் என்று காட்டச் சொன்னார். காட்டினேன். எங்கள் பாத்ரூமில் ஒரு பக்கெட்டை வைத்தால் ஆள் வெளியே நிற்க வேண்டும், ஆள் நின்றால் பக்கெட் வெளியே நிற்க வேண்டும். அவர் உள்ளே தலையை நீட்டிப் பார்த்தார்.

"இதுல எப்படிம்மா விழுந்தாரு? சாயவே இடம் இல்லையே?"

"நின்ன வாக்குலயே விழுந்துட்டாரு சார்" என்றேன்.

அவர் சிராய்ப்பையும் மீசையையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு ஹார்லிக்ஸை வைத்துவிட்டுப் போனார்.

எலும்பு கூடியது. இவர் வேலைக்குத் திரும்பினார். எல்லாம் முடிந்தது என்று நாங்கள் இருந்த சமயத்தில், இவர் செகண்ட் ஷிப்ட் போயிருந்த ஒரு சாயங்காலம், ஹவுஸ் ஓனர் அம்மா மாடிப்படியில் தடதடவென்று ஓடிவந்தார். தலைமுடி அவிழ்ந்து கிடந்தது. கண்ணில் தண்ணீர்.

"செத்துப்போயிட்டாரம்மா! நிம்ம யஜமான்ரு செத்துப்போயிட்டாரு!"

யஜமான்ரு என்றால் என் வீட்டுக்காரர். கம்பெனியிலிருந்து போன் வந்திருக்கிறது, மெஷின் அடித்துவிட்டது என்றே நினைத்தேன். சுவரைப் பிடித்துக்கொண்டு, "எப்பம்மா? எங்கம்மா?" என்று கேட்டேன்.

"இப்பத்தான். டி.வி.யிலே. குதிரெ மேலிருந்து விழுந்து..."

சொல்லிக்கொண்டே வந்தவர் அப்படியே நின்றுவிட்டார். குதிரையிலிருந்து விழுந்து என்று தன் வாயாலேயே சொல்லிவிட்டு, என்னைப் பார்த்தார். பிறகு திரும்பிப் புது சிமென்ட் போட்ட பாத்ரூமைப் பார்த்தார். கண்ணீர் அப்படியே காய்ந்ததை நான் பார்த்தேன்.

டைரக்டர் இவர் விழுந்ததை வெட்டவில்லை. இவ்வளவு இயற்கையாக யாரும் விழுந்து அவர் பார்த்ததில்லையாம். ஸ்லோ மோஷனில் ஒரு தடவை, வேகமாக ஒரு தடவை என்று போட்டுவிட்டு, மாவுக்கட்டோடு இருந்தவரைத் திரும்பக் கூப்பிட முடியாததால் அங்கேயே கதையிலும் சாகடித்துவிட்டார். இவரிடம் ஒரு வார்த்தை சொல்லவில்லை. தான் செத்த சங்கதியை என் கணவர் ஷிப்ட் முடிந்து வந்து என்னிடம் கேட்டுத்தான் தெரிந்துகொண்டார்.

"எப்பிடி விழுந்தேனாம்? நல்லா இருந்துச்சாம்மா?" என்று கேட்டார்.

ஹவுஸ் ஓனர் அம்மா மறுநாள் வந்தார். "அண்ணா விழுந்தது குதிரெ மேலிருந்து. பழி போட்டது என் பாத்ரூம் மேலே. நான் பைத்தியக்காரி மாதிரி மண்டியிட்டுத் தேய்ச்சேன். இது நியாயானா?" என்றார். இவர் எழுந்து நின்று தலைகுனிந்தார். அம்மா படியிறங்கிப் போய்விட்டார். களி நின்றுபோனது. சொரசொரப்பான சிமென்ட் மட்டும் நின்றது. அதில் தினமும் குளித்து என் குதிகால் தேய்ந்ததுதான் மிச்சம்.

கன்னடத்தில் வந்துவிட்டதென்றால் ஒரு மாதத்தில் தமிழிலும் வரும். கம்பெனியில் முக்கால்வாசிப் பேர் தமிழ்தான் பார்ப்பார்கள். அந்த ஒரு மாதம் எங்கள் வீட்டில் சாவு நாளுக்குக் காத்திருக்கிற மாதிரி இருந்தது. இவர் கேபிள்காரரிடம் போய், அன்றைக்கு மட்டும் அந்த சேனலை நிறுத்திவைக்க முடியுமா என்று கெஞ்சினார்.

"அண்ணே, கிரிக்கெட்ட நிறுத்தினாக்கூட விட்டுருவாங்க. சீரியல நிறுத்தினா பொம்பளைங்க எங்க ஆபீஸ்க்கே வந்து ஒயரப் புடுங்கிடுவாங்க" என்றார் அவர்.

பவர் கட் வரும் என்று நம்பினோம். மற்ற நாளெல்லாம் தவறாமல் போகிற கரண்ட் அன்றைக்குப் போகவில்லை. என் கணவர் தமிழில், கனத்த குரலில் "ஐயோ" என்று கத்தியபடி, இரண்டு வேகத்தில் விழுந்து செத்தார். மறுநாள் காலையில் பர்சனல் ஆபீஸிலிருந்து ஆள் வந்து கூப்பிட்டார்.

நான் இரவே எல்லாம் சொல்லிக்கொடுத்திருந்தேன். "நீங்க நடிச்சது வாஸ்தவம். லீவு நாள்ல நடிச்சீங்க. ஆனா விழுந்தது நீங்க இல்ல. அது டூப்பு. சினிமாவுல யாரு நிஜமா விழுறாங்க? டூப்புன்னு சொல்லுங்க. வேற ஒரு வார்த்தையும் பேசாதீங்க." நாலைந்து தடவை ஒப்பிக்கவைத்தேன். டூப்பு சார். டூப்பு சார். இரண்டே வார்த்தை. இரண்டு வார்த்தை வசனத்தில் தேறினவர்தானே என்ற தைரியத்தில் அனுப்பிவைத்தேன்.

உள்ளே நடந்ததை அவரே பிறகு சொன்னார். பர்சனல் மேனேஜர், வெல்ஃபேர் ஆபீசர், ஓரத்தில் குறிப்பெடுக்க ஒருவர். மேனேஜர் நேராகவே கேட்டிருக்கிறார்.

"நேத்து டி.வி.யில விழுந்தது நீங்கதானே?"

"இல்ல சார். அது டூப்பு சார்."

வெல்ஃபேர் ஆபீசருக்கு முகத்தில் நிம்மதி. எப்படியாவது இதை முடித்துவிட அவருக்கும் ஆசை. "நான்தான் சொன்னேனே சார், டூப்பாத்தான் இருக்கும்னு" என்றாராம். மேனேஜரும் நாற்காலியில் சாய்ந்துகொண்டார். பேச்சு அத்தோடு முடிந்திருக்க வேண்டும். மேனேஜர் சும்மா இருக்காமல், கோப்பை மூடிக்கொண்டே ஒரு வார்த்தை சொன்னார்.

"யாருய்யா அந்த டூப்பு? பிரமாதமா விழுந்தான். எங்க வீட்டுல எல்லாரும் எந்திரிச்சே நின்னுட்டோம். உங்களுக்கெல்லாம் அது வராது."

என் கணவர் எழுந்து கதவு வரை வந்திருந்தார். கைப்பிடியில் கை வைத்திருந்தார். அங்கிருந்து திரும்பினார்.

"நான்தான் சார் விழுந்தேன்" என்றார்.

"என்ன?"

"டூப்பெல்லாம் கிடையாது சார். ரெண்டு பாறையிலயும் நான்தான்."

சட்டைப் பொத்தானைக் கழற்றி முறிந்த எலும்பு முண்டாக நின்ற இடத்தையும் காட்டியிருக்கிறார். வெல்ஃபேர் ஆபீசர் தலையில் கை வைத்துக்கொண்டாராம்.

சஸ்பெண்ட் செய்தார்கள். அன்று மத்தியானமே வீட்டுக்கு வந்துவிட்டார். நான் ஷிப்ட் முடிந்து வந்தபோது கண்ணாடி முன்னால் நின்று மீசையைச் சீவிக்கொண்டிருந்தார். நடந்ததைச் சொன்னபோது அவர் முகத்தில் வருத்தம் கொஞ்சமும் இல்லை. எனக்கு வந்த ஆத்திரத்தில் தோசைக் கரண்டியைச் சுவரில் எறிந்தேன்.

"அவரு ஒரு பாராட்டுச் சொன்னாரு, அதுக்கு வேலைய விட்டுட்டு வந்தீங்களா?"

"வேற ஒருத்தன் விழுந்தான்னு எப்பிடிம்மா சொல்ல முடியும்? எனக்கு வாலு மறைச்சப்ப நான் ஏதாவது சொன்னேனா? குரல மாத்தினப்ப சொன்னேனா? மொத்த சீரியல்லயும் நானே செஞ்சது இது ஒண்ணுதான்."

அவர் சொன்னது நியாயமாகத்தான் பட்டது. அதனாலேயே கூடுதலாகக் கத்தினேன். அவர் வீட்டில் இருந்த அத்தனை நாளும் நான் ஓவர்டைம் பார்த்தேன். ஒயரைக் கட்டிக் கட்டி விரல் நுனியெல்லாம் வெடித்தது. அவர் சமைத்து வைத்திருப்பார். சோறு குழைந்திருக்கும். குறை சொன்னால், "கலைஞன் சமைச்ச சோறு" என்பார். அந்த நாட்களில் அவரை நான் குதிரை மேலிருந்தே தள்ளிவிட்டிருப்பேன்.

யூனியன்காரர்கள் பேசி, வெல்ஃபேர் ஆபீசரும் உள்ளிருந்து பேசி, கடைசியில் திரும்ப எடுத்துக்கொண்டார்கள். ஆனால் இன்ஸ்பெக்‌ஷன் போய்விட்டது. பொய் சொல்கிறவன் அளந்தால் எப்படி நம்புவது என்று கேட்டு ஸ்டோர்ஸில் போட்டார்கள். அங்கே அளக்க வேண்டியதில்லை, எடுத்துக்கொடுத்தால் போதும்.

அதே வருஷம் ஆயுத பூஜைக்கு, குடும்பத்தோடு எல்லாரும் கம்பெனிக்கு வருகிற நாளில், அதே பர்சனல் ஆபீஸிலிருந்து அதே ஆள் ஸ்டோர்ஸுக்கு வந்தார். கலைநிகழ்ச்சிக்கு ஆள் போதவில்லையாம். கொள்ளைக்காரத் தொப்பியோடு மேடையில் ஏறி ஒரு தடவை விழுந்து காட்ட முடியுமா, மேனேஜர் பிள்ளைகள் ஆசைப்படுகிறார்கள் என்று கேட்டார். நான் போகக்கூடாது என்றேன். சஸ்பெண்ட் செய்தவர்கள் முன்னால் அதே காரியத்தைச் செய்து காட்டுவதா என்று கேட்டேன். எனக்கு வந்த ரோஷம் அவருக்கு வரவில்லை. போனார். மேடையில் சாக்குகளை விரித்து வைத்திருந்தார்கள். விழுந்தார். மேனேஜர் குடும்பம் முன்வரிசையில் கை தட்டியது. போட்டோ எடுத்துக்கொண்டார்கள். மேனேஜர் இவர் தோளில் கைபோட்டு, "நம்ம கம்பெனியோட பெருமை" என்று மைக்கில் சொன்னார். அந்தத் தோள் மழைநாளில் இன்றும் வலிக்கும். சாயங்காலம் எல்லாருக்கும் கொடுத்த அதே பொரிகடலைப் பொட்டலத்தை இவருக்கும் கொடுத்து அனுப்பினார்கள். இவர் மறுநாள் காலையில் ஸ்டோர்ஸில் போல்ட் எடுத்துக்கொடுத்துக்கொண்டிருந்தார்.

சீரியல் பாதியில் நின்றுபோனது. விளம்பரம் கொடுத்த சோப்புக் கம்பெனிக்குக் குதிரைகள் சலித்துவிட்டனவாம். கடைசிப் பகுதியில் ஹீரோ துப்பாக்கியை நீட்டினார், தலைவன் சிரித்தான், தொடரும் என்று போட்டார்கள். தொடரவில்லை. டைரக்டர் பெங்களூரில் தண்ணீர்க் குழாய் விளம்பரம் எடுக்கப் போய்விட்டதாகக் கேள்வி. பேரிகைக்காரர் குதிரைகளுக்குத் திரும்பக் குஞ்சம் கட்டிவிட்டார்.

சில வருஷங்கள் கழித்து மாம்பழ சீசனில் ஒரு கல்யாணத்துக்காகக் கிருஷ்ணகிரிக்குப் பஸ்ஸில் போய்க்கொண்டிருந்தோம். நல்ல கூட்டம். சூளகிரியில் ஒரு அம்மா காலிக் கூடையோடு ஏறினார். மண்டியில் பழம் எடுக்கப் போகிறவர் போல இருந்தார். எங்கள் சீட்டுக்குப் பக்கத்தில் நின்று என் கணவரின் முகத்தைப் பார்த்தார். குனிந்து, இன்னும் கிட்டத்தில் பார்த்தார்.

"நீதான அது? குதுர மேல வருவியே?"

என் கணவர் நிமிர்ந்து உட்கார்ந்தார். "ஆமாம்மா" என்றார்.

"அந்தப் புள்ளத்தாச்சி வூட்டக் கொளுத்தினியே, நீயெல்லாம் நல்லா இருப்பியா?" அந்த அம்மாவின் சத்தத்தில் கண்டக்டரே திரும்பினார். "அவ என்னா பாவம் பண்ணா ஒனக்கு? நாலு நாளு எனக்குச் சோறு எறங்கலடா!"

கொளுத்தியது இவர் இல்லை. தீப்பந்தத்தை எறிந்தது வலப்பக்கம் இரண்டாவதாக நிற்கிறவர். அந்தக் காட்சியில் இவர் குதிரை கேமராவுக்கே வரவில்லை. நான் சொல்ல வாயெடுத்தேன். என் கணவர் என் கையை அழுத்திப் பிடித்தார்.

"தப்புதாம்மா" என்றார், அந்த அம்மாவைப் பார்த்து.

"தப்பாம் தப்பு. எழுந்துரு மொதல்ல. ஒனக்கெல்லாம் சீட்டு ஒரு கேடு."

எழுந்துகொண்டார். அந்த அம்மா கூடையை மடியில் வைத்துக்கொண்டு என் பக்கத்தில் உட்கார்ந்தார். பஸ்ஸில் பலர் இவரைத் திரும்பிப் பார்த்தார்கள், சிலர் எட்டிப் பார்த்தார்கள். இவர் கம்பியைப் பிடித்துக்கொண்டு, மார்பை நிமிர்த்திக்கொண்டு, வெளியே ஓடுகிற மாந்தோப்புகளைப் பார்த்தபடி கிருஷ்ணகிரி வரைக்கும் நின்றுகொண்டே வந்தார். அந்த அம்மா வழியெல்லாம் என்னிடம், இப்படிப்பட்டவனோடு எப்படிம்மா குடித்தனம் பண்ணுகிறாய் என்று விசாரித்துக்கொண்டே வந்தார். எனக்கும் சொல்ல நிறைய இருந்தது. சொல்லிக்கொண்டே போனேன்.